எடைமேடையில் தொடங்குவோம்: நகராட்சிக் குப்பைக்கு வழி தேர்ந்தெடுக்கும் முறை

ஒரு நகராட்சி தன் குப்பையை என்ன செய்வது என்று முடிவெடுக்கும் நேரம் பெரும்பாலும் தவறான நேரமாகவே அமைந்துவிடுகிறது. கிடங்கு தீப்பற்றி ஊர் புகையில் மூழ்கிய வாரத்திலோ, ஒதுக்கிய நிதியை ஆண்டு முடிவதற்குள் செலவழித்தாக வேண்டிய மார்ச் மாதத்திலோ, இயந்திரத்தின் படத்தோடு வரும் நிறுவனம் ஒன்றின் விளக்கத்தைக் கேட்டுவிட்டு மன்றம் தீர்மானம் போடுகிறது. இயந்திரம் முதலில் வந்துவிடுகிறது. அது ஏன் வேண்டும் என்ற காரணம் பிறகு எழுதப்படுகிறது. முடிவெடுப்பு மாதிரிகள் என்று மேலாண்மைத் துறையில் சொல்லப்படுபவை இந்த வரிசையை நேராக்குவதற்கான கருவிகள். அவற்றில் ஒரு சிறிய ஊருக்கு உண்மையில் பயன்படக்கூடியவற்றை, தாளும் கால்குலேட்டரும் கொண்டே செய்யக்கூடிய அளவில், கவுன்சிலர்களுக்கும் சுகாதார அலுவலர்களுக்கும் குடியிருப்போர் நலச் சங்கத்தினருக்கும் இங்கே விளக்குகிறேன்.

எடுத்துக்காட்டாக ஒரு லட்சம் பேர் வாழும், நாளொன்றுக்கு 40 டன் குப்பை சேரும் ஒரு ஊரை எடுத்துக்கொள்வோம். இனி அந்த ஊரைப் பற்றி வரும் எண்கள் எல்லாம் கணக்கைக் காட்டுவதற்காக நான் வைத்துக்கொண்டவை. உங்கள் ஊரின் எண்களை அந்த இடங்களில் இட்டுக் கணக்கிட வேண்டும்.

முதலில் எடை

எத்தனை டன் வருகிறது என்று கேட்டால், பல ஊர்களில் பதிவேட்டிலிருந்து ஓர் எண்ணைச் சொல்வார்கள். அந்த எண் வண்டி நடைகளை வண்டியின் கொள்ளளவால் பெருக்கி வந்ததாக இருக்கும். வண்டி அரைகுறையாக நிறைந்து வந்ததும், மழையில் நனைந்து கனத்து வந்ததும் அதில் தெரியாது. ஆகவே முதல் வேலை, ஏழு நாள் தொடர்ச்சியாக ஒவ்வொரு வண்டியையும் எடைமேடையில் ஏற்றுவது. நகராட்சிக்குச் சொந்த எடைமேடை இல்லையென்றால், பக்கத்து அரிசி ஆலையின் எடைமேடைக்கு வாடகை கொடுத்தாவது இதைச் செய்ய வேண்டும். அந்த ஏழு நாள் வாடகை, பின்னால் செலவாகப்போகும் கோடிகளுக்கு முன் ஒன்றுமே இல்லை.

அடுத்தது குப்பைக்குள் என்ன இருக்கிறது என்பது. ஒரு வண்டிக் குப்பையைத் தார்ப்பாயில் கொட்டி, மண்வெட்டியால் நன்றாகக் கலந்து, கூம்பாகக் குவித்து, மேலே தட்டையாக்கி, நான்கு பங்காக வகுங்கள். எதிரெதிரே உள்ள இரு பங்குகளை வைத்துக்கொண்டு மற்ற இரண்டை ஒதுக்கிவிட்டு, மீதியை மறுபடியும் கலந்து இதையே திரும்பச் செய்யுங்கள். ஏறத்தாழ 100 கிலோ மிஞ்சும்போது நிறுத்தி, அதைக் கையுறை போட்ட நான்கு பேர் வகை வகையாகப் பிரித்துத் தனித்தனியே எடை போட வேண்டும். நான் உடனிருந்து பார்த்த ஒரு பிரிப்பில், காய்கறிக் கழிவுதான் மிகுதியாக இருக்கும் என்று எல்லோரும் எதிர்பார்த்தோம். தார்ப்பாயின் அடியில் தங்கியதோ கைகொள்ளாத அளவுக்குத் தெருமண்ணும் வடிகால் தூரும். வீட்டுக் குப்பை ஏற்றிய வண்டியிலேயே வழியில் தெருக்கூட்டிய மண்ணும் ஏறியிருந்தது. அந்த மண் உரக்குழிக்குப் போனால் உரம் கெடும். எரிக்கப் போனால் வெப்பத்தைத் தின்னும். அதைத் தனி வண்டியில் ஏற்றுவது என்ற ஒரு சிறு உத்தரவு, அன்று எங்கள் கண்ணெதிரே எந்த இயந்திரத்தையும்விடப் பெரிய சீர்திருத்தமாகத் தெரிந்தது.

இந்தப் பிரிப்பை வீட்டுக் குப்பை, காய்கறிச் சந்தை, உணவகங்கள், திருமண மண்டபங்கள் என்று தனித்தனியாகவும், கோடையில் ஒருமுறை, ஐப்பசி மழையில் ஒருமுறை எனவும் செய்வது நல்லது. முகூர்த்த மாதத்தின் வாழை இலையும், ஆயுத பூஜைக்கு மறுநாள் தெருவெங்கும் குவியும் வாழைக்கன்றும் திருஷ்டிப் பூசணியும் ஆண்டுச் சராசரிக்குள் மறைந்துவிடும். ஆனால் அன்றைக்கு வண்டி போதாமல் தவிப்பவர் தூய்மைப் பணியாளர்தான்.

வந்தது எவ்வளவு, போனது எவ்வளவு

நம் ஊரில் 40 டன்னும் இப்படிப் பிரிந்தது என்று கொள்வோம்: மக்கும் குப்பை 22 டன், விலைபோகும் தாள், பிளாஸ்டிக், உலோகம், கண்ணாடி 7 டன், விலைபோகாவிட்டாலும் எரிபொருளாக உதவும் உலர்குப்பை 4 டன், மண்ணும் கல்லும் 7 டன். இதை வைத்து எழுதும் வரவு–செலவுக் கணக்கை நிறைச் சமன்பாடு என்பார்கள். முடிவெடுப்பு மாதிரிகளிலேயே மிக எளியதும், என் கருத்தில் மிக முக்கியமானதும் இதுதான்.

வீடுகளில் 80 சதவீதம் சரியாகப் பிரித்துக் கொடுத்தால், மக்கும் குப்பையில் 17.6 டன்னும், விலைபோகும் பொருளில் 5.6 டன்னும், எரிபொருள் வகையில் 3.2 டன்னும் அதனதன் வழியில் போய்விடும். கிடங்கில் விழுவது மண்ணையும் சேர்த்து 13.6 டன். பிரிப்பு 40 சதவீதமாக இருந்தால் அதே கணக்கில் கிடங்கில் விழுவது 26.8 டன். ஐந்து டன் ஏற்றும் லாரி முதல் நிலையில் நாளைக்கு மூன்று நடை அடித்தால் போதும். இரண்டாவதில் ஆறு நடை வேண்டும். எந்த இயந்திரத்தையும் நாம் மாற்றவில்லை, கிடங்கின் ஆயுள் மட்டும் ஏறத்தாழப் பாதியாகிவிட்டது. ஆகவே எந்தத் தொழில்நுட்பம் என்ற கேள்விக்கு முன்னால், நம் ஊரில் இன்று பிரிப்பு விகிதம் என்ன, ஓராண்டில் அதை எவ்வளவுக்கு உயர்த்த முடியும் என்ற கேள்விக்கு விடை வேண்டும். பிரித்துக் கொடுத்த குப்பையை வீட்டுக்காரர் கண்முன்னே ஒரே தொட்டியில் கொட்டும் வண்டி ஒன்று இருந்தாலும் அந்தத் தெருவின் விகிதம் ஒரே வாரத்தில் சரிந்துவிடும் என்பதால், வண்டியில் தடுப்பு இருக்கிறதா என்பதும் இந்தக் கணக்கின் பகுதியே.

2016ஆம் ஆண்டின் திடக்கழிவு மேலாண்மை விதிகள், கழிவை உருவாக்குகிறவரே அதைப் பிரித்துத் தர வேண்டும் என்றும், கிலோவுக்கு 1,500 கிலோகலோரியும் அதற்கு மேலும் வெப்பமதிப்புள்ள, மறுசுழற்சிக்கு உதவாத கழிவைக் கிடங்கில் கொட்டக் கூடாது என்றும் கூறின. இந்த வெப்பமதிப்பை மறந்ததால் நேர்ந்ததற்குத் தில்லி திமார்பூர் ஆலை நிலையான சான்று. நாளைக்கு 300 டன் குப்பையை எரித்து மின்சாரம் எடுப்பதற்காக 1980களில் டென்மார்க் தொழில்நுட்பத்தில் கட்டப்பட்ட அந்த ஆலை, வந்த குப்பையில் ஈரமும் மண்ணும் மிகுந்து வெப்பம் போதாமல், சில வாரங்களிலேயே நின்றுபோனது. ஆலையைக் கட்டுவதற்கு முன் தார்ப்பாய் விரித்துப் பார்த்திருந்தால் தெரிந்திருக்கக்கூடிய செய்தி அது.

ஒரு டன்னுக்கு எவ்வளவு

ஒவ்வொரு வழிக்கும் கட்டுமானச் செலவை மட்டும் ஒப்பிடுவது வழக்கம், அது போதாது. கட்டுமானச் செலவை ஆண்டுத் தவணையாக மாற்றி, நடத்தும் செலவோடு கூட்டி, உண்மையில் கையாளப்படும் டன்னால் வகுக்க வேண்டும். ஒரு கோடி ரூபாயில் கட்டிய நுண் உரக்கூடம் (மக்கும் குப்பையை ஊருக்குள்ளேயே உரமாக்கும் சிறு கூடம்) பத்தாண்டு உழைக்கும், வட்டி 8 சதவீதம் என்றால், ஆண்டுத் தவணை ஏறத்தாழ 14.9 லட்சம் ரூபாய். பத்துப் பணியாளருக்கு மாதம் 15,000 ரூபாய் வீதம் ஆண்டுக்கு 18 லட்சம். நாளைக்கு 5 டன் வீதம் 300 நாள் ஓடினால் 1,500 டன். டன்னுக்கு ஏறத்தாழ 2,200 ரூபாய் ஆகும். அதே கூடத்துக்குப் பிரிப்பு சரியில்லாமல் நாளைக்கு 2 டன் மட்டுமே வந்து சேர்ந்தால் டன்னுக்கு ஏறத்தாழ 5,500 ரூபாய். கூடமும் அதே, ஆட்களும் அவர்களே. பூட்டிக் கிடக்கும் உரக்கூடங்களைக் காட்டி ‘இந்த முறையே நமக்கு ஒத்துவராது’ என்று பேசுகிறவர்கள், அந்தக் கூடத்துக்கு நாளைக்கு எத்தனை டன் பிரித்த குப்பை போனது என்று முதலில் கேட்டிருக்க வேண்டும்.

மின்கட்டணம், இயந்திரப் பழுது, உர விற்பனை வருவாய் ஆகியவற்றையும் சேர்த்தால்தான் கணக்கு முழுமையடையும். உர வருவாயை மட்டும் மிகக் குறைவாகவே போட்டுக்கொள்ளுங்கள். விற்காமல் மூட்டையாகத் தேங்கிய உரத்தின் மேல் திட்டம் கட்டிய ஊர்கள் உண்டு.

போக்குவரத்துக்கு ஒரு தனிக் கணக்கு போதும். வீட்டுவாசலில் குப்பை வாங்கும் குட்டியானை நேராகக் கிடங்குக்கே போவதா, ஊருக்குள் ஓரிடத்தில் மாற்றி ஏற்றிப் பெரிய டிப்பரில் அனுப்புவதா? 700 கிலோ ஏற்றும் குட்டியானைக்குக் கிலோமீட்டருக்கு 20 ரூபாய், 7 டன் டிப்பருக்கு 50 ரூபாய் என்றால், போய்வரும் தூரத்தைச் சேர்த்து, ஒரு டன்னை ஒரு கிலோமீட்டர் தள்ளிச் சேர்க்க முன்னதற்கு 57 ரூபாயும் பின்னதற்கு 14 ரூபாயும் ஆகும். மாற்றி ஏற்றும் நிலையத்தை நடத்த டன்னுக்கு 300 ரூபாய் பிடித்தால், கிடங்கு 7 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் ஊருக்கு நிலையம் லாபம். அதற்குள் இருந்தால் வீண். வார்டுகளும் கூடங்களும் பலவாகி, எந்த வார்டின் குப்பை எந்தக் கூடத்துக்கு என்று பங்கிட வேண்டிவரும்போது இதையே நேரியல் திட்டமிடல் (மொத்தச் செலவு மிகக் குறையும் பங்கீட்டைக் கண்டுபிடிக்கும் முறை) கணக்காக எழுதி, எக்செல்லில் உள்ள சால்வர் கொண்டு தீர்த்துவிடலாம். பொறியியல் கல்லூரி மாணவர்கள் ஒரு வாரத்தில் செய்து தரக்கூடிய வேலை அது.

பேரத்துக்கு இடமில்லாதவை

மதிப்பெண் போடுவதற்கு முன் ஒரு வடிகட்டல் வேண்டும். மதிப்பெண் முறையில் ஒரு குறையை இன்னொரு நிறை ஈடுகட்டிவிடும். செலவு குறைவு என்ற நிறை, உயிருக்கு ஆபத்து என்ற குறையையும் கணக்கில் மூடிவிடும். 2017 ஏப்ரல் 14ஆம் நாள், சித்திரைப் புத்தாண்டு அன்று, கொழும்பை அடுத்த மீதொட்டமுல்லையில் குப்பை மலை சரிந்து, அடிவாரத்து வீடுகளைப் புதைத்து, முப்பது பேருக்கு மேல் உயிரிழந்தார்கள். அந்தக் கிடங்கு மலிவாக இருந்தது என்பதை எந்த அட்டவணையிலும் நிறையாக எழுத முடியாது.

ஆகவே சில நிபந்தனைகளை ‘உண்டு–இல்லை’ என்று மட்டும் பாருங்கள். 2016 விதிகள் நிலநிரப்பு இடத்துக்கு ஆற்றிலிருந்து 100 மீட்டரும், குளம், நெடுஞ்சாலை, குடியிருப்பு, பொதுப் பூங்கா, குடிநீர்க் கிணறு ஆகியவற்றிலிருந்து 200 மீட்டரும், விமான நிலையத்திலிருந்து 20 கிலோமீட்டரும் இடைவெளி கேட்டன; பின்வந்த விதிகளையும் திருத்தங்களையும் சேர்த்துப் பாருங்கள். இவற்றோடு, பணியாளர் வெறுங்கையால் கலப்புக் குப்பையைப் பிரிக்க வேண்டிய எந்த வழியும் கூடாது என்பதை நான் சேர்ப்பேன். இந்த வடிகட்டியில் தேறாத வழி எவ்வளவு மலிவானதாக இருந்தாலும் அடுத்த கட்டத்துக்கு வரக் கூடாது.

மதிப்பெண் போடும் முறை

தேறிய வழிகள் மூன்று என்று வைத்துக்கொள்வோம். முதலாவது, ஊருக்கு வெளியே ஒரே பெரிய உரக்கிடங்கு. இரண்டாவது, வார்டு வாரியாகச் சிறிய உரக்கூடங்களும் உலர்குப்பை மையமும். மூன்றாவது, பல நகராட்சிகள் சேர்ந்து நடத்தும் தொலைதூர எரிமின் ஆலைக்கு, அதாவது குப்பையை எரித்து மின்சாரம் எடுக்கும் ஆலைக்கு, அனுப்புவது. அளவுகோல்களும் மூன்று: செலவு, சூழலும் உடல்நலமும், நம்மால் தொடர்ந்து நடத்த முடியுமா என்பது.

மூன்று அளவுகோல்களுக்கும் எவ்வளவு எடை, அதாவது முக்கியத்துவம், தருவது? இதற்குக் கணிதவியலாளர் தாமஸ் சாட்டி 1970களில் வகுத்த படிநிலைப் பகுப்பாய்வு முறை ஏற்றது. எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் வரிசைப்படுத்தச் சொல்லாமல், இரண்டிரண்டாக ஒப்பிடச் சொல்வது அதன் சிறப்பு. மன்றத்தில் அமர்ந்து பேசி, சூழல் செலவைப்போல் 2 மடங்கு முக்கியம், நடத்தும் திறன் செலவைப்போல் 3 மடங்கு, சூழலைப்போல் 2 மடங்கு என்று முடிவாகிறது என்க. ஒவ்வொரு அளவுகோலையும் மூன்றோடும் ஒப்பிட்ட எண்களை (தன்னோடு ஒப்பிட்டால் 1) ஒரு வரிசையாக எழுதி, அந்த மூன்று எண்களையும் பெருக்கிக் கனமூலம் காணுங்கள். செலவுக்கு 1, 1/2, 1/3 ஆகியவற்றின் பெருக்கல் 1/6, கனமூலம் 0.55. சூழலுக்கு 2, 1, 1/2. பெருக்கல் 1, கனமூலமும் 1. நடத்தும் திறனுக்கு 3, 2, 1; பெருக்கல் 6, கனமூலம் 1.82. மூன்றின் கூட்டுத்தொகை 3.37. அதனால் வகுத்தால் எடைகள் 0.16, 0.30, 0.54 என வரும். ஒப்பீடுகள் ஒன்றோடொன்று முரண்படுகின்றனவா என்று பார்க்கச் சாட்டி ஒரு முரண் விகிதத்தையும் தந்திருக்கிறார், அது 0.1க்குள் இருக்க வேண்டும். இங்கே அது மிகக் குறைவு.

இனி ஒவ்வொரு வழிக்கும் பத்துக்கு மதிப்பெண். பெரிய உரக்கிடங்குக்குச் செலவில் 6, சூழலில் 5, நடத்துவதில் 6. வார்டு கூடங்களுக்கு 5, 8, 5. எரிமின் ஆலைக்கு 3, 4, 7. எடையால் பெருக்கிக் கூட்டினால் பெரிய உரக்கிடங்கு 5.70, வார்டு கூடங்கள் 5.90, எரிமின் ஆலை 5.46.

வார்டு கூடங்கள் வென்றன என்று எழுதிக் கோப்பை மூடிவிடக் கூடாது. மாதிரியின் உண்மையான பயன் இந்த இடத்தில்தான் தொடங்குகிறது. நடத்தும் திறனில் வார்டு கூடங்களுக்குக் கொடுத்த 5ஐ 4 ஆக்கிப் பாருங்கள்: கூட்டுத்தொகை 5.36 ஆகி, முதலிடத்திலிருந்து கடைசிக்குப் போய்விடுகிறது. ஏறத்தாழ 4.6க்குக் கீழே இறங்கினாலே பெரிய உரக்கிடங்கு முந்திவிடும். செலவு மதிப்பெண்ணில் ஓர் எண் கூட்டினாலும் குறைத்தாலும் இவ்வளவு ஆட்டம் இல்லை. ஆக நம் ஊரின் முடிவு எல்லாவற்றையும்விட, வார்டு கூடங்களை நம்மால் நடத்த முடியுமா என்ற ஐயத்தின் மேல் நிற்கிறது என்பதை மாதிரி சுட்டிக்காட்டிவிட்டது. அந்த ஐயத்தை விவாதத்தால் தீர்க்க முடியாது. இரண்டு வார்டுகளில், வசதியானது ஒன்றும் நெருக்கடியானது ஒன்றுமாகத் தேர்ந்து, மூன்று மாதம் நடத்திப் பார்த்துத்தான் தீர்க்க முடியும். கணக்கு எதைச் சோதிக்க வேண்டும் என்று சொல்லிவிட்டால் அதன் கடமை பெரும்பாலும் முடிந்தது.

கேரளத்தின் ஆலப்புழா நகரின் அனுபவமும் இதையே காட்டுகிறது. 2012இல், நகரத்தின் கிடங்கு இருந்த சர்வோதயபுரத்துக்குக் குப்பை வண்டி வரக் கூடாதென்று அப்பகுதி மக்கள் மறித்தபின், அந்நகரம் வீட்டிலேயே குழாய் உரம், சமையற்கழிவு எரிவாயுக்கலன், தெருவோரக் காற்றோட்ட உரத்தொட்டி என்று சிதறிய வழிக்கு மாறியது. அங்கே நடத்தும் திறன் பொறியாளர்களிடமிருந்து மட்டும் வரவில்லை; வீடுகளிடமிருந்தும் வந்தது. நம் ஊரில் அந்தப் பங்களிப்பு எவ்வளவு கிடைக்கும் என்பதை ஆலப்புழாவைப் பார்த்து மதிப்பிட முடியாது. நம் இரண்டு வார்டுகளைப் பார்த்துத்தான் மதிப்பிட வேண்டும்.

கணக்கில் வராத மனிதர்கள்

எடைமேடைக்கு வரும் முன்பே குப்பையிலிருந்து அட்டை, இரும்பு, பாட்டில் ஆகியவற்றைப் பொறுக்கியெடுத்துக் காயலான் கடையில் போடுகிறவர்கள் எந்த நகராட்சிப் பதிவேட்டிலும் இருப்பதில்லை. அவர்கள் செலவே இல்லாமல் நகராட்சியின் சுமையைக் குறைத்துவருகிறார்கள். அவர்களை விட்டுவிட்டு உலர்குப்பை முழுவதையும் ஒரே ஒப்பந்ததாரருக்குக் கொடுக்கும் திட்டம், தாளில் லாபமாகத் தெரியும். உண்மையில் ஏழைகளின் பிழைப்பைப் பறித்து, இலவசமாக நடந்த வேலைக்குக் கட்டணமும் கட்டுவதாகும். புனேயில் 1993இல் தொழிற்சங்கமாகச் சேர்ந்த குப்பை சேகரிப்போர், பின்னர் ‘ஸ்வச்’ என்ற தங்கள் கூட்டுறவின் வழியே 2008இல் மாநகராட்சியோடு ஒப்பந்தம் செய்து, வீடு வீடாகக் குப்பை வாங்கி, அதிலிருந்து விலைபோகும் பொருளைத் தாங்களே விற்கும் உரிமையையும் பெற்றார்கள். அளவுகோல்களின் பட்டியலில் வேலைவாய்ப்பை நான்காவதாகச் சேர்ப்பது நியாயம். அதைவிட நியாயமானது, மதிப்பெண் போடும் மேசையில் அவர்களில் இருவருக்கும், தினமும் வண்டியோட்டும் தூய்மைப் பணியாளர் இருவருக்கும் நாற்காலி போடுவது. எந்தத் தெருவில் எத்தனை மணிக்கு வீட்டில் ஆள் இருக்காது, எந்த உணவகம் மழைத்தண்ணீரோடு சேர்த்துக் கழிவைக் கொட்டும் என்பதெல்லாம் அவர்களுக்குத்தான் தெரியும்.

முடிவுக்குப் பின்

எடைகள், மதிப்பெண்கள், அவற்றை யார் எந்தக் காரணத்தால் கொடுத்தார்கள் என்ற குறிப்பு ஆகிய மூன்றையும் ஒரே தாளில் எழுதி மன்றத் தீர்மானத்தோடு இணையுங்கள். வார்டு அலுவலக அறிவிப்புப் பலகையிலும் ஒட்டுங்கள். தன் வீட்டருகே உரக்கூடம் வேண்டாம் என்று வருகிறவர், எந்த மதிப்பெண் தவறு என்று விரல் வைத்துக் காட்ட அது வழிசெய்யும். அவர் சொல்வது சரியாக இருந்தால் எண்ணை மாற்றி மீண்டும் கூட்டிப் பார்க்கப் பத்து நிமிடம்தான் ஆகும்.

டெண்டர் ஆவணத்தில், எத்தனை டன் ஏற்றினார் என்ற அளவில் மட்டும் ஒப்பந்ததாரருக்குப் பணம் தருவதாக எழுதிவிடாதீர்கள். அப்படி எழுதினால் மண்ணையும் நீரையும் சேர்த்துக் கனக்கச் செய்வதே அவருக்கு லாபம். பிரிப்பதால் அவருக்கு நட்டம். தனியே பிரித்துக் கொண்டுவந்த மக்கும் குப்பைக்கு ஒரு விலை, உலர்குப்பைக்கு ஒரு விலை, கிடங்கில் கலப்பாகக் கொட்டிய ஒவ்வொரு டன்னுக்கும் பிடித்தம் என்று எழுதுங்கள். சோதனை நடந்த இரண்டு வார்டுகளின் எடைப் பதிவேட்டை மாதந்தோறும் முதல் வாரத்தில் எடுத்து, நிறைச் சமன்பாட்டில் புது எண்களை இட்டு, நடத்தும் திறனுக்குக் கொடுத்த அந்த 5 இன்னும் 5தானா என்று பாருங்கள். மூன்றாவது வார்டுக்குக் கூடம் கட்டும் தீர்மானம் அதன் பிறகு வரட்டும்.